அபிஸ்கோவுல முட்டி வரைக்கும் சேறு, எல்லாம் ஒரு சாம்பல் புதருக்காக

ஜூன் கடைசில ஸ்வீடனோட வடகோடில இருக்குற அபிஸ்கோவுக்குப் போயிருந்தோம். கிருனாவுல ட்ரெயின் ஏறுனா ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேல ஆகும், பாதி வழில இருந்து டோர்னெட்ரெஸ்க் ஏரி கூடவே வருது, 70 கிலோமீட்டர் நீளமாம், முடியவே மாட்டேங்குது. ஃப்ரெண்டுக்கு ஒரே குறி, நடுராத்திரி வெயில்ல லாப்போர்ட்டன்ங்குற மலைப் பள்ளத்தாக்க போட்டோ எடுக்கணும். எனக்கும் அதுதான் பிளான், அந்தப் புதர பாக்குற வரைக்கும்.

சதுப்பு நிலத்துல ரெண்டு ரெண்டு பலகையா போட்டு பாதை வெச்சிருக்காங்க. தூரத்துல சாம்பல் கலர்ல திட்டுத்திட்டா தெரிஞ்சத பாறைன்னு நெனச்சேன், கிட்ட போனா காத்துல ஆடுது! இடுப்பு உயரம்கூட இல்ல. இது ஒரு வில்லோ வகைப் புதர், ஸ்வீடிஷ்ல லாப்விடே, அறிவியல் பேரு சாலிக்ஸ் லாப்போனம். ஸ்வீடன் தாவரவியல் அறிஞர் லின்னேயஸ் 1732-ல 25 வயசு வாக்குல லாப்லாந்துங்குற இந்த வடக்குப் பகுதிய சுத்துனாரு, 1753-ல இந்தப் பேர வெச்சதும் அவர்தான். "லாப்"னு கூப்பிடுறது அங்க காலங்காலமா வாழுற சாமி மக்களுக்குப் பிடிக்காது, ஆனா செடி பேருல அது அப்படியே ஒட்டிக்கிச்சு.

நேஷனல் பார்க்ல செடிய ஒடிக்கக் கூடாது, தொட்டு மட்டும் பாத்தேன். இலையோட ரெண்டு பக்கமும் முடி, அடிப்பக்கம் இன்னும் அடர்த்தியா வெள்ளை கம்பளி மாதிரி. கட்டை விரலால மேல்பக்கத்த லேசா தேச்சா சாம்பல் விலகி உள்ள பச்சை தெரியுது. அந்த முடில காத்து தங்கிக்கும், அதனால குளிரும் காத்தும் இலைய நேரா தாக்காது. ஸ்வெட்டர் போட்ட செடின்னு சொன்னேன், ஃப்ரெண்டு சிரிக்கல, கொசு கடிச்சிட்டு இருந்துச்சு அவனுக்கு.

இன்னொரு விஷயம், வில்லோவுல ஆண் செடி வேற, பெண் செடி வேற. நான் பாத்த புதர் எல்லாமே ஆணு, பூங்கொத்து வாடி மகரந்தம் கொட்டி ஜாக்கெட் கை மஞ்சளாயிடுச்சு, பம்பிள்பீன்னு ஒரு குண்டு தேனீ மட்டும் விடாம மேய்ஞ்சிட்டு இருந்துச்சு. பனி உருகுன உடனே பூக்குறதால அதுங்களுக்கு முதல் சாப்பாடே இந்த மாதிரி வில்லோதான். சரி, பெண் செடி ஒண்ணாவது பாக்காம நகர மாட்டேன்னு உக்காந்துட்டேன்.

"டேய், மலை எங்கயும் ஓடாது, ஆனா வெளிச்சம் போயிடும்டா"ன்னு அவன்.

"இங்க எங்கடா வெளிச்சம் போகுது, சூரியனே மறையாது!"

அந்த வாய்க்கொழுப்புலதான் பலகைய விட்டு ஒரு காலெடுத்து வெச்சேன். பாசி மெத்துன்னு தாங்குற மாதிரி தாங்கி, படக்குன்னு முட்டி வரைக்கும் உள்ள போச்சு, தண்ணி ஐஸ். இத்தனைக்கும் அபிஸ்கோவுல வருஷத்துக்கு சுமார் 300 மில்லிமீட்டர்தான் மழையாம், ஸ்வீடன்லயே ரொம்ப காஞ்ச இடங்கள்ல ஒண்ணு. மழை கம்மிதான், ஆனா குளிர்ல தண்ணி சீக்கிரம் ஆவியாகாது, பக்கத்துல ஸ்டோர்டாலன் மாதிரி சதுப்புகள்ல அடி மண்ணே உறைஞ்சு கெடக்குறதால கீழயும் இறங்காது, பின்ன எங்கதான் போகும்? இப்போ அந்த உறைமண்ணு உருகி மேடெல்லாம் உள்வாங்கிட்டு வருது. நான் மிதிச்சதும் தப்புதான், பாசில ஒரு குழி விழுந்தா சீக்கிரத்துல மூடாது.

கால இழுக்க பலகைல குப்புற படுத்தேன். மூக்குக்கு நேரா ஒரு புதர், கொத்துல மஞ்சளே இல்ல, விரல் நீளத்துக்கு விறைப்பா நிமிந்து, குட்டிக் குட்டி காயா வெள்ளை முடியோட நெருக்கமா அடுக்கி இருக்கு, ஒவ்வொண்ணு நுனிலயும் ஒரு மெல்லிசு நீட்டம். பெண் செடி! ஒரு மணி நேரமா இதைத் தாண்டித்தான் போய்ட்டு வந்துட்டு இருந்திருக்கேன்.

"எந்திரிடா, காலு மரத்துடும்"னு அவன் கத்த, நான் "கேமராவ குடு முதல்ல"ன்னேன். அவன் மலை போட்டோ சூப்பரா வந்திருக்கு, என்னோடதுல பாதி அவுட் ஆஃப் ஃபோகஸ், கை நடுக்கம்.