சிட்னி மைன்ஸ்ல ஒரு பழைய ரத்தப் படம்

கனடான்னாலே நம்ம ஆளுங்களுக்கு டொரன்டோவும் ஸ்கார்பரோவும்தான் ஞாபகம் வரும், நான் வந்து சேர்ந்தது அங்கேருந்து ரொம்ப தூரத்துல, நோவா ஸ்கோஷியாவோட கிழக்கு ஓரத்துல இருக்குற கேப் பிரெட்டன் தீவுல. இந்தத் தீவுலயும் சிட்னின்னு ஒரு ஊர் உண்டு, அங்க இருக்குற யூனிவர்சிட்டிக்கு இந்தியாலேருந்து பசங்க நிறைய வர ஆரம்பிச்சதுல அங்க வாடகை எக்கச்சக்கமா ஏறிடுச்சு, அதனால நாங்க துறைமுகத்துக்கு அந்தப்பக்கம் சிட்னி மைன்ஸ்ல ஒரு பழைய மரவீட்ல மாடி எடுத்தோம். பஸ் கம்மி, கடை கம்மி, ஆனா அக்கம்பக்கத்து ஜனங்க தங்கமானவங்க.

பக்கத்து வீட்டுப் பெரியவர் ரிட்டயர்ட் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளி. 2024 பிப்ரவரி ஆரம்பத்துல நாள்கணக்குல விடாம பனி கொட்டுச்சே, ஊருக்கே எமர்ஜென்சி போட்டாங்களே, அப்ப எங்க வாசக்கதவைத் தொறக்கவே முடியல, அவர்தான் ஷவலோட வந்து வெளியிலேருந்து பனியை வாரிப் போட்டு வழி விட்டாரு. அதுக்கப்புறம் அவர் வீட்ல டீ குடிக்கும்போதுதான், எங்க ஊர்ல ஒரு படம் எடுத்தாங்க தெரியுமான்னு ஆரம்பிச்சாரு. மை ப்ளடி வேலன்டைன், 1980ல இங்க ஷூட்டிங், 1981 பிப்ரவரில ரிலீஸ். டைரக்டர் ஜார்ஜ் மிஹால்கா. ஸ்லாஷர் படம், அதாவது ஒரு கொலைகாரன் ஒவ்வொருத்தரா வெட்டிச் சாய்க்கிற படம், விரும்பிப் பாக்குறவங்களைத் தாண்டி நம்ம பக்கம் யாருக்கும் பெருசா தெரியாது.

கதை இதுதான். வேலன்டைன் ப்ளஃப்ஸ்னு ஒரு சுரங்க ஊர். காதலர் தின டான்ஸுக்கு நேரமாச்சுன்னு ரெண்டு சூப்பர்வைசர்ங்க உள்ள ஆள் இருக்கும்போதே நிலக்கரிலேருந்து கசியுற மீத்தேன் காஸ் அளவைப் பாக்காம கிளம்பிப் போயிடுறாங்க, காஸ் வெடிச்சு உள்ள மாட்டினவங்கள்ல ஒருத்தன்தான் உயிரோட வர்றான். அடுத்த வருஷம் அவன் அந்த ரெண்டு பேரையும் கொன்னுட்டு இனிமே இந்த ஊர்ல அந்த டான்ஸ் நடக்கக்கூடாதுன்னு மிரட்டிட்டுப் போறான். இருபது வருஷம் கழிச்சு ஊர் மறுபடி டான்ஸ் வைக்குது, மைனர் டிரெஸ்ல, காஸ் மாஸ்க் போட்டுக்கிட்டு, கையில பிக்காக்ஸோட ஒரு உருவம் வருது. யாருன்னு சொல்ல மாட்டேன், பாருங்க.

சும்மா பயமுறுத்துற படம்னு நெனச்சுதான் பாத்தேன், பெரியவர் கூட உக்காந்து சொல்லச் சொல்லத்தான் வேற மாதிரி புரிஞ்சுது. 1979 பிப்ரவரில இங்கேருந்து கொஞ்ச தூரத்துல கிளேஸ் பேங்கிற ஊர்ல 26ம் நம்பர் சுரங்கத்துல காஸ் வெடிச்சு 12 பேர் செத்துப் போனாங்க. அதுக்கு அடுத்த வருஷமே இந்த ஊர் ஜனங்க நடுவுல மீத்தேன் வெடிப்பைப் பத்தி ஒரு படம் எடுத்திருக்காங்க! பெரியவர் சேஃப்டி லாம்ப், அதாவது சுரங்கத்துக்குள்ள கொண்டுபோற மூடின விளக்கு, அதை வச்சு காஸ் பாக்குறதை சொன்னாரு, திரியைக் கொறச்சு சுடரை சின்னதாக்கிட்டு அதையே உத்துப் பாக்கணுமாம், சுடருக்கு மேல நீலமா ஒரு தொப்பி மாதிரி தெரிஞ்சா காஸ் இருக்குன்னு அர்த்தம், தொப்பி உயர உயர ஆபத்து. காத்துல மீத்தேன் 5லேருந்து 15 சதவீதம் இருந்தா ஒரு பொறி போதும், வெடிச்சிடும். அந்த ஒரு செக்கை விட்டதுதான் படத்துல எல்லாத்துக்கும் காரணம், என்னைப் பொறுத்தவரை படத்தோட நிஜ பயம் பிக்காக்ஸ்ல இல்ல, அங்கதான் இருக்கு.

சுரங்கமும் செட் கிடையாது, 1975ல மூடின பிரின்சஸ் சுரங்கத்துக்குள்ளயே போய் எடுத்திருக்காங்க, காஸ் பயத்துனால லைட்டுகூட கணக்கு பாத்துதான் போட்டாங்களாம். உடை மாத்துற ரூம் சீன் ஒண்ணு வரும், கூரைலேருந்து செயின்ல தொங்குற வேலை டிரெஸ்ஸுங்க ஒண்ணொண்ணா சடசடன்னு கீழ எறங்கும். பெரியவர் அதைப் பாத்துட்டு, நாங்களும் அப்படித்தான் மாட்டுவோம், அடுத்த ஷிஃப்டுக்குள்ள ஈரம் காயட்டும்னு மேல இழுத்து விட்டுடுவோம்னாரு. நான் நெய்வேலிக்காரன், எங்க ஊர்ல சுரங்கம் வானம் பாத்துத் தொறந்து கிடக்கும். இங்க கடலுக்கு அடியில மைல் கணக்கா குடைஞ்சு போயிருக்காங்க, அவரோட அப்பா வேலை பாத்தது அந்த பிரின்சஸ்லதான்.

எனக்கு ரொம்ப ஒட்டின கேரக்டர் டி.ஜே. சுரங்க முதலாளியோட பையன், பொழைக்கிறேன்னு மேற்குக் கரைக்குப் போய் சரியா அமையாம திரும்பி வந்து அதே சுரங்கத்துல எறங்குறான், அவன் காதலிச்ச பொண்ணு இப்ப இன்னொருத்தன்கூட. இந்தத் தீவோட கதையே அதுதான். நிலக்கரி வேலை குறையக் குறைய பசங்க மேற்க போனாங்க, இங்க கடைசி அரசாங்கச் சுரங்கம் 2001ல மூடியாச்சு, பெரியவரோட ரெண்டு பசங்களும் ஆல்பர்ட்டா எண்ணெய் வயல்லதான் இருக்காங்க. அவங்க காலி பண்ணின தெருவுலதான் இப்ப நம்ம பசங்க வாடகைக்கு இருக்கோம், அவர் பசங்க மாடியில விட்டுட்டுப் போன குளிர் ஜாக்கெட்தான் இப்ப நான் போட்டுட்டு வேலைக்குப் போறேன். அதை அவர் கொடுத்தப்ப எனக்கு என்ன சொல்றதுன்னே தெரியல.

படம் பாக்குறதா இருந்தா 2009 டிவிடில வந்த வெர்ஷனைப் பாருங்க, அமெரிக்கால ரேட்டிங்குக்காக வெட்டின சீன்கள்ல கொஞ்சம் அதுல திரும்ப சேத்திருக்காங்க. அதே வருஷம் வந்த ரீமேக் வேற, அது இந்த ஊர்ல எடுத்தது இல்ல. புதுசா இங்க வர்றவங்க கிளேஸ் பேல இருக்குற மைனர்ஸ் மியூசியத்துக்கு ஒரு தடவை கண்டிப்பா போங்க, ரிட்டயர்ட் தொழிலாளிங்களே உள்ள கூட்டிட்டுப் போய் காட்டுவாங்க, உயரமா இருக்குறவங்க குனிஞ்சேதான் நடக்கணும். ஜூன் 11க்கு இங்க இருந்தீங்கன்னா டேவிஸ் டே நிகழ்ச்சிக்கும் போங்க, 1925 ஸ்ட்ரைக்ல கம்பெனி போலீஸ் சுட்டுக் கொன்ன வில்லியம் டேவிஸோட நினைவு நாள் அது. இந்த வருஷம் நாங்க நாலு பேரும் பெரியவரோடயே போறதா இருக்கோம், அவர் கார்லயே கூட்டிட்டுப் போறேன்னு சொல்லிட்டாரு.