வாழைப்பழமும் நடுகல்லும்

2024 நவம்பர்ல நியூயார்க்ல சுவத்துல டேப் போட்டு ஒட்டின ஒரு வாழைப்பழம் கலைப்படைப்புன்னு 62 லட்சம் டாலருக்கு ஏலம் போச்சு, வாங்கினவரு கொஞ்ச நாள்லயே அதை உரிச்சு சாப்ட்டுட்டாரு. இது கலையான்னு கேட்டா நீங்க பழமைவாதின்றாங்க. ஆமாங்க, பழமைவாதிதான். 1917ல டுஷாம்ப்னு ஒரு பிரெஞ்சு ஓவியர் மூத்திரப் பீங்கான கண்காட்சிக்கு அனுப்புனப்பவாச்சும் அதுல ஒரு துணிச்சல் இருந்துச்சு, நூறு வருஷம் கழிச்சும் அதையே பண்ணிட்டு புரட்சின்னு சொன்னா எப்படி?

நம்ம தருமபுரி அகழ்வைப்பகத்துல நடுகல்லுங்க, அதாவது செத்த வீரனுக்கு நட்டு வச்ச கல்லுங்க இருக்கு, போய் பாருங்க. மாடு மீட்கப் போய் செத்தவன், கையில வில்லு, சில கல்லுல வட்டெழுத்துன்ற பழைய தமிழ் எழுத்துல எந்த ராஜா காலம், யாரு, எதுக்கு செத்தான்னு வெட்டியிருப்பாங்க. ஆயிரம் வருஷத்துக்கு மேல ஆச்சு, செதுக்குனவன் பேரு தெரியாது, ஆனா பக்கத்துல நின்னு விளக்கம் சொல்ல ஆளே வேணாம், எழுதப் படிக்கத் தெரியாத எங்க பாட்டி வயக்காட்டுல அப்படி ஒரு கல்ல பாத்தா கும்பிட்டுட்டுதான் நகருவாங்க.

காலேஜுங்க மேலதான் எனக்கு கோவம் ஜாஸ்தி. தமிழ் எம்.ஏ. பசங்க கட்டுடைத்தல், பின்நவீனத்துவம்னு மேல்நாட்டுக் கொள்கைங்கள மணிக்கணக்கா பேசுறாங்க, வட்டெழுத்துல ஒரு வரி படிக்கச் சொன்னா முழிக்கிறாங்க. பசங்க மேல தப்பில்ல, சொல்லித் தரவேண்டியவங்க சொல்லித் தரல. கூத்தும் அப்படித்தான்: திரௌபதி அம்மன் கோயில் பாரதக் கூத்துல அர்ஜுனன் தபசு மரம் ஏறுறப்போ பச்சப்புள்ளைய இடுப்புல வச்சிக்கிட்டு அத்தன ஜனம் அண்ணாந்து பாத்துட்டு நிக்குது, அந்த கூத்து வாத்தியார கூப்ட்டு ஒரே ஒரு கிளாஸ் எடுக்க வைக்க ஏன் இவங்களுக்கு மனசு வரமாட்டேங்குது?