டான் ஷெப்பர்ட்: 2,218 விக்கெட், ஒரு டெஸ்ட்கூட இல்லை

டெஸ்ட் ஆடாதவர்களில் முதல்தரக் கிரிக்கெட்டில் அதிக விக்கெட் எடுத்தவர் யார் என்று கேட்டால், கவுன்டி ஆட்டங்களைத் தொடர்ந்து பார்ப்பவர்கள் யோசிக்காமல் சொல்லும் பெயர் கிளாமோர்கனின் டான் ஷெப்பர்ட். 2,218 விக்கெட், சராசரி 21.32. இங்கிலாந்து கவுன்டி சாம்பியன்ஷிப்பில் ஆடும் ஒரே வேல்ஸ் அணி கிளாமோர்கன். தெற்கு வேல்ஸின் கவர் (Gower) தீபகற்பத்துக்காரரான ஷெப்பர்ட் 1950 முதல் 1972 வரை அந்த ஒரு கவுன்டிக்காகவே ஆடினார்.

ஆரம்பத்தில் அவர் ஃபாஸ்ட் மீடியம் வீச்சாளர். புதுப்பந்தை எடுத்து 1952-இல் நூறு விக்கெட்டைத் தாண்டினார். அதன்பின் விக்கெட் குறைந்தது. 1955-இல் வேகத்தைக் குறைத்து, வலக்கை பேட்ஸ்மேனை நோக்கி உள்ளே திரும்பும் ஆஃப் கட்டர் வீசிப் பார்த்தார். அப்போது வயது 28. மறு ஆண்டு 177 விக்கெட், சராசரி பதினைந்தை ஒட்டி!

சாதாரண ஆஃப் ஸ்பின்னில் விரல் பந்தைத் திருகுகிறது. கட்டரில் ஆள்காட்டி விரல் பந்தின் தையலை (சீம்) ஒட்டி இருக்கும். விடும் நொடியில் பந்தின் வலப்பக்கமாகக் கீழ்நோக்கி வெட்டி இழுக்க வேண்டும். மணிக்கட்டு அதிகம் வேலை செய்யாது, கை உயரமாகவே வர வேண்டும். கை சரிந்தால் பவுன்ஸ் போய்விடும், பந்தும் லெக் பக்கம் ஓடிவிடும். வேகம் கூடினால் விரலுக்கு வெட்ட நேரம் கிடைக்காது. குறைந்தால் பேட்ஸ்மேன் இறங்கி வந்து அடிப்பார். இந்த இரண்டுக்கும் நடுவே மீடியம் வேகத்தில் நாள் முழுக்க ஒரே லெங்த்தில் போட்டதுதான் ஷெப்பர்டின் பலம்.

பிட்சும் உதவியது. அந்தக் காலத்துக் கவுன்டி பிட்ச்களை இப்போதுபோல மூடி வைப்பதில்லை. மழையில் நனைந்து வெயிலில் காயும்போது மேல்மண் இளகியிருக்கும். சீம் அதில் கடித்து பந்து சட்டென்று உள்ளே திரும்பி எழும். மெதுவான ஸ்பின் என்றால் பின்காலில் போய் ஆடிக்கொள்ளலாம், ஷெப்பர்ட் வேகத்தில் அதற்கு அவகாசம் இல்லை. கெட்டியான காய்ந்த தரையில் இதே பந்து வழுக்கிக்கொண்டு நேராகப் போகும். அங்கே கட்டுப்பாடு ஒன்றுதான் காப்பாற்றும்.

உள்ளே வரும் பந்துக்கு, லெக் பக்கம் பேட்ஸ்மேனுக்கு மிக அருகே நிற்கும் ஷார்ட் லெக் ஃபீல்டர்தான் உயிர். கிளாமோர்கனில் அங்கே நின்றவர் பீட்டர் வாக்கர், அந்தத் தலைமுறையின் மிகச்சிறந்த நெருங்கிய ஃபீல்டர்களில் ஒருவர். தற்காப்பாக நீட்டிய மட்டையின் உள்விளிம்பில் பட்டு காலின் பேடில் மோதி எழும் பந்து வேறு அணியில் தரையில் விழும். இங்கே வாக்கர் கையில் விழும். ஷெப்பர்டின் எண்ணிக்கையில் வாக்கருக்கு நியாயமான பங்கு உண்டு.

டெஸ்ட் ஏன் வரவில்லை? அவர் 177 எடுத்த அதே 1956 கோடையில்தான் ஆஃப் ஸ்பின்னர் ஜிம் லேக்கர் ஆஸ்திரேலியாவுக்கு எதிரான தொடரில் 46 விக்கெட் எடுத்தார், அதில் ஓல்ட் டிராஃபோர்டில் மட்டும் 19. லேக்கர் ஒதுங்கியபின் டிட்மஸ், டேவிட் ஆலன், இல்லிங்வொர்த் என்ற ஆஃப் ஸ்பின்னர்கள் வரிசையில் நின்றார்கள். மூவருமே நம்பி அனுப்பக்கூடிய பேட்ஸ்மேன்கள். ஷெப்பர்டின் பேட்டிங் சராசரி பத்தைத் தொடவில்லை. 1961-இல் ஸ்வான்சியில் ஆஸ்திரேலியர்களுக்கு எதிராகப் ஓட்டம் தந்த பதினொரே அடிகளில் 51 எடுத்தார், ஆனால் தேர்வாளர்கள் தேடியது கடைசி வரிசையில் நின்று ஆடும் ஒருவரை. இத்தனைக்கும் அவருடைய கவுன்டி கேப்டன் வில்ஃப் வூலரே அந்த ஆண்டுகளில் இங்கிலாந்துத் தேர்வுக்குழுவில் இருந்தார். என் கணிப்பில் பந்துவீச்சை மட்டும் வைத்துப் பார்த்தால், மழை பெய்த ஓரிரு டெஸ்ட்களுக்காவது அவரை எடுத்திருக்க வேண்டும்.

கிளாமோர்கன் அவரை முழுசாகப் பயன்படுத்திக்கொண்டது. 1964-இல் ஸ்வான்சியின் செயின்ட் ஹெலன்ஸ் மைதானத்தில் ஆஸ்திரேலியர்களை வீழ்த்திய ஆட்டத்தில் ஷெப்பர்டுக்கு ஒன்பது, இடக்கை சுழல்வீச்சாளர் ஜிம் பிரெஸ்டிக்குப் பத்து. 1968-இல் அதே மைதானத்தில் மீண்டும் ஆஸ்திரேலியர்களை வென்றபோது கேப்டனாக நின்றவர் ஷெப்பர்டேதான். 1969-இல் ஒரு தோல்விகூட இல்லாமல் கிளாமோர்கன் சாம்பியன் ஆனது. கார்டிஃபில் வுஸ்டர்ஷரை வென்று பட்டத்தை உறுதிசெய்த அந்த ஆட்டத்திலேயே அவருடைய 2,000-ஆவது விக்கெட்டும் விழுந்தது. அடுத்த ஆண்டு விஸ்டன் என்ற கிரிக்கெட் ஆண்டு நூல் தன் ஐந்து சிறந்த வீரர்களில் ஒருவராக அவரைத் தேர்ந்தெடுத்தது. அப்போது அவருக்கு வயது 42.