கல்லும் இரத்தமும்

காலையில் கொழும்பு வெள்ளவத்தையில் பாண் (பிரெட்) வாங்கிக்கொண்டு வரும்போது மகள் கேட்டாள்: “அப்பா, மனுசரை மனுசர் சாப்பிட்டது உண்மையோ?”

உண்மைதான். பப்புவா நியூகினியின் ஃபோரே மக்கள் இறந்த உறவினரைப் பாசத்தால்தான் உண்டார்கள். மூளையை உண்டதன் வழியே, மூளையைச் சிதைக்கும் ‘குரு’ நோய் பரவியது. அதிகம் செத்தது பெண்களும் பிள்ளைகளும்தான். ஐரோப்பாவிலோ மம்மியைப் பொடியாக்கி மருந்தென்று விழுங்கினார்கள், அதைக் காட்டுமிராண்டித்தனம் என்று அதிகம் பேர் சொல்லவில்லை!

சரி, நம்மூர்க் கதை? 1505 வாக்கில் கொழும்பில் இறங்கிய போர்த்துக்கீசர் கல்லைத் தின்று இரத்தம் குடிப்பதாகக் கோட்டை இராச்சியத்து அரசனுக்குச் செய்தி போனதாம். ‘ராஜாவலிய’ என்ற சிங்கள வரலாற்று நூல் சொல்கிறது. இரத்தம் என்றது வைனை. கல் என்றது பாணை. ‘பாண்’ என்ற சொல்லே போர்த்துக்கீசர் தந்ததுதான்.

மகள் என் கைப்பையை எட்டிப் பார்த்தாள். உள்ளே ஒரு இறாத்தல் கல்.