ஸ்கைரிம் 1.5.97: குன்னூர் சிஸ்டத்தில் பழைய பதிப்பை நிறுத்தி வைத்தது

ஸ்கைரிம் என்ற கணினி கேமின் ஸ்பெஷல் எடிஷன் 1.6.1170 வரை வந்துவிட்டது. இந்த சிஸ்டத்தில் ஓடுவது 2019-இல் வந்த 1.5.97. கூடவே டிஎல்எல் மாட்களை ஏற்றும் ஸ்கிரிப்ட் எக்ஸ்டெண்டர் 2.0.20, மாட்களை நிர்வகிக்கும் மாட் ஆர்கனைசர் 2. மாட் என்பது கேமில் ரசிகர்கள் செய்து சேர்க்கும் மாற்றம்.

பழசைப் பிடித்துக்கொண்டிருக்கக் காரணம் டிஎல்எல் மாட்கள்தான், அதாவது கேமின் நிரலுக்குள்ளேயே கைவைப்பவை. டெக்ஸ்சர், உடை, வீடு மாதிரியான மாட்கள் பெரும்பாலும் எந்தப் பதிப்பிலும் ஓடிவிடும். டிஎல்எல் அப்படியில்லை, கேமின் எக்ஸி கோப்புக்குள் குறிப்பிட்ட முகவரியில் இருக்கும் ஃபங்ஷனை (ஒரு வேலையைச் செய்யும் நிரல் துண்டு) தேடிப் போகும். பதிப்பு மாறினால் முகவரியும் மாறும். ஊட்டிப் பக்கத்துக் கல்லட்டி மலைப்பாதையில் 36 கொண்டை ஊசி வளைவுகள். 17-ஆவது வளைவில் இறங்கச் சொல்லிவிட்டு, அதற்குக் கீழே புதிதாக இரண்டு வளைவு வெட்டினால் ஆள் வேறெங்கோ இறங்கி நிற்பார். டிஎல்எல் அப்படித் தவறிப் போனால் மெயின் மெனு வருமுன்பே கேம் க்ராஷ் ஆகும்.

இதைச் சமாளிக்கத்தான் அட்ரஸ் லைப்ரரி: ஃபங்ஷனுக்கு ஓர் எண், பதிப்புக்கு ஓர் அட்டவணை. 1.5 வரிசைக்குள் அது போதுமானது. 2021 நவம்பரில் ஆனிவர்சரி எடிஷனோடு வந்த 1.6 வேறு கம்பைலரில் (நிரலை எக்ஸியாக மாற்றும் கருவி) கட்டப்பட்டது. சில ஃபங்ஷன்கள் இன்னொன்றுக்குள் கரைந்துவிட்டன, எண்களும் மாறிவிட்டன. மாட்டை எழுதியவர் திரும்ப கம்பைல் செய்தால்தான் உண்டு. அவர் மாட் பக்கமே வராமல், சோர்ஸ் கோடும் கொடுக்காமல் போயிருந்தால் அந்த மாட் அவ்வளவுதான். பெரிய மாட்கள் இரண்டு பதிப்புக்கும் வருகின்றன, மாட்டிக்கொள்வது சின்னவை. பழைய மாட் பட்டியல் எதுவும் கையில் இல்லாதவர் 1.6.1170-லேயே இருக்கலாம், இந்த வேலையே வேண்டாம்.

பழைய பதிப்பை இறக்குவது, கேம் வாங்கும் தளமான ஸ்டீமின் கன்சோலில் (கட்டளை தட்டும் பக்கம்). 'download_depot 489830' என்ற கட்டளையோடு 489831, 489832, 489833 என்ற மூன்று டிப்போவையும் (கேம் கோப்புகளின் தொகுப்பு) ஒவ்வொன்றாக, அந்தந்த மேனிஃபெஸ்ட் எண்ணுடன் (எந்தப் பதிப்பு என்று சொல்லும் எண்) கொடுக்க வேண்டும். மேனிஃபெஸ்ட் எண்கள் ஸ்டீம்டிபி என்ற இணையதளத்தில் தேதிவாரியாக இருக்கும். கன்சோல் சதவீதம் காட்டாது, நின்றுவிட்டதோ என்று மூடிவிடக் கூடாது. ஐப்பசி மழையில் மரம் சாய்ந்து கரண்ட் போகிற ஊர் இது; ரவுட்டருக்கும் சேர்த்து யுபிஎஸ் வைப்பது நல்லது. நடுவில் அறுந்தால் அதே கட்டளையைத் திரும்பக் கொடுத்து, முடிந்த செய்தி வந்தபிறகே காப்பி எடுக்கவும்.

மூன்று ஃபோல்டரில் உள்ளதையும் ஸ்டீம் லைப்ரரிக்கு வெளியே ஒரே ஃபோல்டரில் கொட்டி, மாட் ஆர்கனைசரை அங்கே காட்டினால் போதும். அப்டேட் வந்தாலும் இதைத் தொடாது. ஸ்டீம் மட்டும் பின்னால் ஓட வேண்டும். அட்ரஸ் லைப்ரரியில் 1.5.97-க்கான ஃபைலின் பெயர் 'வெர்ஷன்' என்று தொடங்கும். 'வெர்ஷன்லிப்' என்று தொடங்குவது 1.6-க்கானது, அதை மட்டும் போட்டால் அட்ரஸ் லைப்ரரியை நம்பும் டிஎல்எல் எதுவும் ஏறாது.

சரிபார்க்க ஸ்கிரிப்ட் எக்ஸ்டெண்டரின் லாக் ஃபைல். மேலேயே 01050610 என்று இருக்கும். அது ஹெக்ஸ், அதாவது 16-ஐ அடியாகக் கொண்ட எண்முறை: 61 என்றால் 97. கீழே டிஎல்எல் ஒவ்வொன்றுக்கும் ஒரு வரி. எரர் 126 என்றால் அந்த டிஎல்எல்லுக்கு வேண்டிய வேறொரு ஃபைல் இல்லை; முதலில் விஷுவல் சி++ ரன்டைமைப் போட்டுப் பார்க்கவும்.

லாக் சுத்தமாக இருந்தும் தொடக்கத்திலேயே க்ராஷ் ஆனால், மாட் பட்டியலில் ஹெடர் 1.71 (கோப்பின் தலைப்பில் உள்ள வடிவப் பதிப்பு எண்) உள்ள பிளக்இன் (மாட்டின் தரவுக் கோப்பு) இருக்கிறதா பாருங்கள். 2023 டிசம்பரில் வந்த 1.6.1130-இலிருந்து இஎஸ்எல் என்ற சிறிய வகை பிளக்இன்னுக்கு 2048-க்குப் பதில் 4096 ரெக்கார்டு வரை இடம் உண்டு. பழைய எக்ஸிக்கு அது புரியாது. பேக்போர்ட்டட் எக்ஸ்டெண்டட் இஎஸ்எல் சப்போர்ட் என்ற மாட் இதைத் தீர்க்கும்.