கிரிக்? கிராக்! – கரீபியன் கதை இரவுகள் பற்றிய நாட்குறிப்பு

அக்டோபர் 24

கதைசொல்லி "கிரிக்?" என்று கேட்பார். முற்றத்தில் இருக்கும் கூட்டம் "கிராக்!" என்று திருப்பிக் கத்தும். ஹைட்டி, மார்டினிக், குவாதலூப், டொமினிகா, செயின்ட் லூசியா என்று பிரெஞ்சு கிரியோல் (பிரெஞ்சும் ஆப்பிரிக்க மொழிகளும் கலந்து பிறந்த பேச்சுமொழி) புழங்கும் தீவுகளில் கதைக்கு வாசல் இதுதான். டிரினிடாட் பிரான்ஸின் ஆட்சியில் இருந்ததில்லை. ஆனால் 1783-இல், அப்போது தீவை ஆண்ட ஸ்பெயின் அரசு கத்தோலிக்கக் குடியேறிகளுக்கு நிலம் தருவதாக அறிவித்ததும் பிரெஞ்சுத் தோட்டக்காரர்கள் தங்கள் அடிமைகளோடு வந்து இறங்கினார்கள். கிரிக்-கிராக்கும் அவர்களோடு வந்து சேர்ந்தது.

பதில் மெலிந்து வந்தால் கதையைத் தொடங்கக் கூடாது. இன்னொரு முறை, இன்னும் உரக்கக் கேட்க வேண்டும். மூன்றாவது தடவைக்குள் குழந்தைகள் தொண்டை கிழியக் கத்துவார்கள், அப்போது ஆரம்பிக்கலாம். கதை நீண்டு கண்கள் சொருகும் நேரத்தில் மார்டினிக் கதைசொல்லி நிறுத்தி, "முற்றம் தூங்குகிறதா?" என்பார். "இல்லை, முற்றம் தூங்கவில்லை!" என்று பதில் வரவேண்டும். நம் ஊரில் 'உம்' கொட்டுவதைப் போலத்தான், ஆனால் கூட்டமே சேர்ந்து கொட்டும் 'உம்'. அச்சில் வரும் தொகுப்புகள் பலவற்றில் இந்தக் கேள்வி-பதிலை வெட்டிவிடுகிறார்கள். அது பெரிய இழப்பு. அதில்லாமல் சொன்னால் கதை பாதியில் படுத்துவிடும்.

இன்னொன்றும் இப்போதே சொல்ல வேண்டும். இந்தக் கதைகளில் வரும் உரல், அரிசி, கல் உப்பு, தொப்பி எல்லாம் அந்தந்த வீட்டில் கைக்கெட்டும் தூரத்தில் கிடந்த சாமான்கள். சாமானைத் தெரிந்துகொண்டு சொன்னால்தான் கதை நிற்கும். இனி வரும் குறிப்புகளில் சாமானுக்கும் கதைக்கும் சம இடம்.

அக்டோபர் 25

பகலில் கதை கூடாது. மீறிச் சொன்னால் சொன்னவர் கூடையாக மாறிவிடுவார் என்பது மார்டினிக், குவாதலூப் பக்கத்து எச்சரிக்கை. கரும்புத் தோட்டத்தில் விடிந்ததிலிருந்து பொழுது சாயும்வரை ஆளின் நேரம் முதலாளியுடையது. இரவு மட்டும்தான் அவர்களுக்கென்று மிஞ்சியது. கதை இரவோடு ஒட்டிக்கொண்டதை அப்படித்தான் படிக்கத் தோன்றுகிறது. ஆங்கிலேயர் தீவுகளில் 1838-லும் பிரெஞ்சுத் தீவுகளில் 1848-லும் முழு விடுதலை வந்தது. விதி அதன்பிறகும் மாறவில்லை.

பெரிய கதை இரவு என்றால் அது துக்க வீடுதான். ஜமைக்காவில் ஒருவர் இறந்த ஒன்பதாம் இரவு விடியவிடிய ஆட்கள் கண் விழிப்பார்கள். காபி, ரம், பொரித்த மீன், ரொட்டி என்று சுற்றிக்கொண்டே இருக்கும். முதலில் பாட்டும் விடுகதையும் ஓட வேண்டும். நீண்ட கதையை நடுநிசிக்கு மேல் எடுப்பதே நல்லது. முன்னாலேயே எடுத்தால் வருகிறவர் போகிறவர் சத்தத்தில் கதை சிதறிப்போகும்.

அக்டோபர் 26

சூக்குயான். டிரினிடாடில் எந்தக் குழந்தையைக் கேட்டாலும் தெரியும்.

ஊர் ஓரத்தில் தனியாக இருக்கும் கிழவி. இரவானதும் உடம்புத் தோலை உரித்து, மடித்து, மர உரலுக்குள் வைத்துவிட்டுத் தீப்பந்தாகப் பறப்பாள். சாவித் துவாரம் போதும், வீட்டுக்குள் நுழைந்துவிடுவாள். இரத்தம் குடித்த இடத்தில் காலையில் கன்றிப்போன கருநீலத் தடம் தெரியும். அவளைப் பிடிக்க வாசலிலோ நாற்சந்தியிலோ அரிசியைக் கொட்டி வைப்பார்கள். ஒவ்வொரு மணியாகப் பொறுக்கி முடிக்காமல் அவளால் நகர முடியாது, அதற்குள் விடிந்துவிடும். இன்னொரு வழி, உரலைக் கண்டுபிடித்து அதிலிருக்கும் தோலில் கல் உப்பைப் போடுவது. திரும்பி வந்து தோலை மாட்டுவாள், எரியும், கழற்றுவாள், மறுபடி மாட்டுவாள். "தோலே, தோலே, என்னைத் தெரியலையா?" என்று கெஞ்சுவாள்.

இந்த இடத்தில்தான் பலர் சொதப்புகிறார்கள். பேய்க் குரலில் அலறுகிறார்கள். அந்த வரியைத் தாழ்ந்த குரலில், வீட்டுக்கு வெளியே பூட்டப்பட்ட ஒரு பாட்டி கதவைத் தட்டுவதுபோலச் சொல்ல வேண்டும். அப்போதுதான் கேட்பவருக்குப் பயமும் இரக்கமும் ஒன்றாக வரும். 'உப்பு' என்று மட்டும் சொல்லாமல் 'கல் உப்பு' என்று சொல்லுங்கள். அந்த நறநறப்பு காதில் விழ வேண்டும். உரலைப் பானையாக மாற்றுவதும் தவறு. மரத்தண்டைக் குடைந்து செய்த அந்த உரல் பகலெல்லாம் காபி, கொக்கோ, வாழைக்காய் என்று இடித்துக்கொண்டே இருக்கும். இரவில் மட்டும்தான் அதன் வயிறு காலி.

கயானாவில் இதே கிழவிக்கு 'ஓல் ஹைக்' என்று பெயர். அங்கே அரிசி பொறுக்கும்போது அவளை அடிப்பது தென்னை ஈர்க்குமாற்றால். ஜமைக்காவில் கைக்குழந்தையின் உச்சிக்குழியில் பெருங்காயம் தடவுவார்கள். ஆவி அந்த வழியாக உள்ளே போகாது என்று நம்பிக்கை.

கதையில் ஒரு கொடுமையும் இருக்கிறது. தனியாக இருக்கும் கிழவி யாரானாலும் பழி அவள் தலையில் விழும். சொல்லி முடித்தபின் இதைக் குழந்தைகளோடு பேசிவிடுவது நல்லது.

அக்டோபர் 27

அதே உரல், பகல் வேலையில். கொக்கோ டீ.

புளிக்கவைத்து வெயிலில் காயவைத்த கொக்கோ விதையை இரும்புச் சட்டியில் மெல்லிய தீயில் வறுக்க வேண்டும். மேல்தோல் வெடித்துக் கையில் நொறுங்கும் பதம். தீ கூடினால் வெளியே கருகி உள்ளே பச்சையாக நிற்கும். அந்தக் கசப்பை எவ்வளவு சர்க்கரை போட்டாலும் மறைக்க முடியாது. தோல் நீக்கிப் புடைத்து, சூடு ஆறும் முன்பே உரலில் போட்டு இடிக்க வேண்டும். விதையில் ஏறக்குறைய பாதி கொழுப்பு. சூட்டில் அது இளகினால்தான் மாவு குழம்பாக மாறும். ஆறிய விதை எவ்வளவு இடித்தாலும் பொடியாகவே கிடக்கும். அதனால் உரலையும் வெந்நீர் ஊற்றிச் சூடாக்கி நன்றாகத் துடைத்துக்கொள்வது நல்லது. ஒரு சொட்டுத் தண்ணீர் தங்கினாலும் விழுது திரிந்து கெட்டிப்படும். ஜாதிக்காயும் பட்டையும் சேர்த்து இடித்து, விரல் தடிமனுக்குக் குச்சியாகவோ உருண்டையாகவோ பிடித்து உலரவிட்டால் மாதக்கணக்கில் இருக்கும்.

குடிக்கும்போது 4 கோப்பைத் தண்ணீருக்குத் துருவிய கொக்கோ 4 மேசைக்கரண்டி, ஒரு துண்டுப் பட்டை, ஒரு பே இலை. இது பிரியாணி இலை கிடையாது. கிராம்பு வாசம் அடிக்கும் வேறொரு மரத்து இலை. அது கிடைக்காவிட்டால் ஒரு கிராம்பு போடலாம். 10 முதல் 15 நிமிடம் கொதித்த பிறகே பாலும் பழுப்புச் சர்க்கரையும் ஒரு சிட்டிகை உப்பும். பாலை முதலிலேயே ஊற்றினால் அடிப்பிடிக்கும். மேலே பொன்னிறமாக எண்ணெய்க் கண்கள் மிதக்கும். அதை எடுத்துவிடாதீர்கள், ருசி அதில்தான்.

அக்டோபர் 28

இன்று உலக கிரியோல் நாள். ஆகவே விடுகதை.

"டிம் டிம்?" என்று கேட்டால் "புவா செஷ்!" என்று பதில். காய்ந்த கட்டை என்று பொருள். பிறகு கேள்விகள் சரசரவென்று வரும்.

"நிற்கிற தண்ணீர்?" – கரும்பு.
"தொங்குகிற தண்ணீர்?" – தேங்காய்.

யோசிக்க நேரம் கொடுத்தால் விறுவிறுப்பு போய்விடும். நாலைந்து எளியவற்றை மூச்சுவிடாமல் போட்டு, எல்லாரும் வென்ற களிப்பில் இருக்கும்போது கடினமான ஒன்றை இறக்க வேண்டும்.

ஜமைக்காவிலிருந்து ஒன்று: "மேலே நரகம், கீழே நரகம், நடுவில் அல்லேலூயா." விடை, சர்க்கரைவள்ளிக் கிழங்குப் புட்டிங். அதைச் செய்யும் முறை தெரிந்தால்தான் விடுகதை சிரிக்கவைக்கும். குமுட்டி அடுப்பின் மேல் கனமான இரும்புச் சட்டி, அதன் தட்டையான மூடியின் மேல் தணல். துருவிய கிழங்கு 1 கிலோ, ஒரு பெரிய தேங்காயின் பால், மைதா ஒன்றரைக் கோப்பை, பழுப்புச் சர்க்கரை 2 கோப்பை, ஜாதிக்காய், இஞ்சி, உலர்திராட்சை. கீழ்த்தணல் குறைவாகவும் மேல்தணல் கூடவும் இருக்க வேண்டும். மாறினால் அடி தீய்ந்து மேலே மாவாக நிற்கும். ஆரஞ்சு நிறக் கிழங்கு தண்ணீர் விட்டுச் சொதசொதவென்று ஆகும், வெள்ளைக் கிழங்குதான் சரி. ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகும். வெந்துகொண்டிருக்கும் சட்டியைக் காட்டியே விடுகதையைக் கேட்டால் இன்னும் அழகு.

நவம்பர் 2

இன்று மாலை டிரினிடாடின் கத்தோலிக்கக் கல்லறைகளில் மெழுகுவர்த்தி வரிசை. மார்டினிக், குவாதலூப்பில் நேற்றே ஏற்றிவிட்டார்கள்.

இந்த நேரத்தில் நினைவுக்கு வருவது டுவென். ஞானஸ்நானம் பெறாமல் இறந்த குழந்தையின் ஆவி. முகம் இருக்காது. தலையில் பெரிய வைக்கோல் தொப்பி. பாதம் பின்பக்கம் திரும்பியிருக்கும், அதனால் தடத்தைப் பார்த்துத் தேடிப் போகிறவர் எதிர்த்திசையில் போய்க்கொண்டிருப்பார். குழந்தையின் பெயர் தெரிந்துவிட்டால் அந்தப் பெயரைச் சொல்லியே காட்டுக்குள் அழைத்துப் போய்விடும். ஆகவே அந்தி நேரத்தில் பிள்ளைகளைப் பெயர் சொல்லி உரக்கக் கூப்பிட மாட்டார்கள்.

சொல்லும்போது தொப்பியை முதலில் காட்டுங்கள், பாதத்தைக் கடைசியில். எல்லாம் முதல் வரியிலேயே வந்துவிட்டால் அப்புறம் சொல்ல ஒன்றுமில்லை. கேட்பவர்களில் பிள்ளையை இழந்தவர் இருக்கக்கூடும் என்றால் வேறு கதைக்குப் போய்விடுங்கள்.

நவம்பர் 3

டிரினிடாடில் வேட்டைப் பருவம் அக்டோபர் முதல் தேதி தொடங்கிப் பிப்ரவரி இறுதிவரை. வேட்டைக்காரர்களின் கதை பாப்பா புவா, காட்டின் அப்பன். இலைகள் முளைத்த தாடி, ஒரு கால் குளம்பு. வேட்டைக்காரர் வருவது தெரிந்தால் மாட்டுக் கொம்பை ஊதி விலங்குகளை எச்சரிப்பார். எதிரில் பார்த்தால் மரியாதையாக வணக்கம் சொல்ல வேண்டும். காலை மட்டும் உற்றுப் பார்க்கக் கூடாது.

ஆற்றில் மாமா துலோ, தண்ணீரின் அம்மா. இடுப்புக்குக் கீழே அனகோண்டா. அவள் கண்ணில் பட்டுவிட்டால் இடது காலணியைக் கழற்றி, கவிழ்த்து வைத்து, வீடுவரை பின்னோக்கியே நடக்க வேண்டும். இதை வாயால் மட்டும் சொல்லாமல் நடந்து காட்டினால் குழந்தைகள் பிறகு மறக்க மாட்டார்கள்.

நவம்பர் 5

அனான்சி. இன்றைய கானாவின் அக்கான் மக்களிடமிருந்து அடிமைக் கப்பலில் ஜமைக்கா வந்த சிலந்தி. அங்கே சிறுத்தையாக இருந்த எதிரி ஜமைக்காவில் புலி ஆகிவிட்டது. தீவில் இரண்டுமே கிடையாது.

புலியைக் குதிரையாக்கிய கதையைச் சொல்ல வேண்டுமானால் சாமான் வரிசை முக்கியம். "புலி எங்கப்பா ஏறிப்போன குதிரை" என்று அனான்சி ஊரில் பீற்றிக்கொள்கிறான். புலி வந்து, "வந்து எல்லார் முன்னாலும் மறுத்துச் சொல்" என்கிறது. அனான்சி பாயில் படுத்து முனகுகிறான்: நடக்க முடியாது. சரி, முதுகில் ஏறு. ஏறினால் வழுக்குகிறது, சேணம் வேண்டும். சேணம் ஆனதும் பிடித்துக்கொள்ள ஏதாவது வேண்டும், கடிவாளம். ஈ மொய்க்கிறது, ஓட்ட ஒரு சாட்டை. ஒவ்வொன்றுக்கும் புலி சலித்துக்கொண்டே சம்மதிக்க வேண்டும். ஊர் எல்லை வந்ததும் முனகல் நிற்கிறது, சாட்டை விழுகிறது. சாட்டையை முன்னாலேயே கொடுத்துவிட்டால் கதை செத்துவிடும்.

அனான்சிக்கு மூக்கால் பேசும் கொன்னைக் குரல். எழுத்தில் வராத இந்தக் குரலையும் ஜமைக்காவின் பேச்சுமொழியையும் வானொலியிலும் மேடையிலும் தலைநிமிர வைத்தவர் லூயிஸ் பென்னட், மக்களுக்கு 'மிஸ் லூ' (1919–2006). 1970 முதல் 1982 வரை தொலைக்காட்சியில் குழந்தைகளைச் சுற்றி உட்காரவைத்து அவர் நடத்திய நிகழ்ச்சியின் பெயர் 'ரிங் டிங்'.

கதை முடிந்ததும் ஜமைக்காவில் "ஜாக் மண்டோரா, மி நோ சூஸ் நன்" என்பார்கள். ஜாக் மண்டோரா சொர்க்க வாசல் காவலாளி. கதையில் நடந்த அக்கிரமத்துக்கு நான் பொறுப்பில்லை என்று அவரிடம் சொல்லிக்கொள்வது. டிரினிடாடில் "கம்பி வளைஞ்சது, கதை முடிஞ்சது". கிரியோல் தீவுகளில் "என்னை ஒரு உதை விட்டாங்க, அதில் பறந்து வந்து இங்கே விழுந்து உங்ககிட்ட சொல்றேன்". ஒரு கதைக்கு ஒரு தீவின் வாசலும் அதே தீவின் முடிப்பும்தான் பொருந்தும். கலக்காதீர்கள்.

நவம்பர் 8

தமிழ் நேராகத் தொடும் இடம் ஒன்று உண்டு. அடிமைமுறை ஒழிந்தபின் மார்டினிக்குக்கு 1853-லும் குவாதலூப்புக்கு 1854-லும் ஒப்பந்தக் கூலிகள் வரத் தொடங்கினார்கள். புதுச்சேரி, காரைக்கால் துறைமுகங்களிலிருந்து ஏறியவர்களில் தமிழர் ஏராளம். மாரியம்மன் அங்கே 'மாலியெமின்', மதுரைவீரன் 'மால்தெவிலன்', நாகூர் மீரான் 'நாகுமிலா'. வேப்பிலை 'வெப்பெலெ'. நாடகம் 'நாட்றோன்': முகத்தில் சாயம் பூசி, உயரமான கிரீடம் வைத்து, மத்தளத்தோடு இரவு முழுவதும் ஆடும் கூத்து. மொழி வீட்டிலிருந்து போய்விட்ட பிறகும் தமிழ்ப் பாட்டைக் காதால் கேட்டு மனப்பாடம் செய்து ஆடினார்கள். அந்த ஓசைகளைப் பிடித்து வைத்திருந்த ஆட்களை நினைத்தால் கை கூப்பத் தோன்றுகிறது.

'கொலொம்போ' என்று தீவே உண்ணும் குழம்பின் பொடிக்கு ஒரு வீட்டு அளவு: மல்லி 4 பங்கு, சீரகம் 2, கடுகு 1, மிளகு 1, மஞ்சள் 1, வெந்தயம் அரை. மஞ்சள் தவிர மற்றவற்றைத் தனித்தனியாக வறுக்க வேண்டும். வெந்தயம் சிவந்துவிட்டால் மொத்தமும் கசக்கும். ஆட்டிறைச்சியை எலுமிச்சையும் பூண்டும் போட்டு ஊறவைத்து, பொடி சேர்த்துக் கொதிக்கும்போது தீவின் உருண்டை மிளகாயை முழுசாக, காம்போடு மிதக்கவிடுவார்கள். வாசம் இறங்கும், காரம் இறங்காது. கிளறும்போது கரண்டி பட்டு அது வெடித்துவிடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். வெடித்தால் பிள்ளைகள் சாப்பிட முடியாது. பரிமாறும் முன் மிளகாயை எடுத்துத் தனிக் கிண்ணத்தில் வைத்துவிடுவார்கள், வேண்டியவர் பிய்த்துக்கொள்ள.