'பொது' என்ற சொல்லில் நான் விழுந்த இடம்

குரூப் 4 தேர்வுக்குப் படித்த காலத்தில், நான் போய்வந்த பயிற்சி மையத்தின் மாதிரித் தேர்வில் இப்படி ஒரு கேள்வி வந்தது. ஊராட்சி ஒன்றியத் தலைவர் பதவி பெண்களுக்கு ஒதுக்கப்பட்டிருக்கிறது. பொது வார்டில் வென்ற பெண் உறுப்பினர் அதற்குப் போட்டியிடலாமா? 'முடியாது' என்று குறித்தேன். மையத்தின் விடைக்குறிப்பிலும் அதுவே இருந்தது. முழு மதிப்பெண் கிடைத்தது, கெட்டது அங்கேதான்.

எங்கள் ஊர் பாப்பாக்குடி பக்கம். அன்று மாலை மதினி மடியில் தட்டை வைத்துப் பீடி சுற்றிக்கொண்டிருந்தார். பெருமையாக விஷயத்தைச் சொன்னேன். கை நிற்காமலே கேட்டார்: "ஆம்பிளைகளோடு மோதி ஜெயித்தவளுக்குத் தகுதி இல்லை, பெண்கள் மட்டும் நின்ற வார்டில் ஜெயித்தவளுக்குத்தான் தகுதியா தம்பி?"

பதில் இல்லை. மறுநாளே பாளையங்கோட்டை மாவட்ட மைய நூலகத்தில் போய் உட்கார்ந்தேன். அரசமைப்பின் 243டி பிரிவைக் கைடு வழியாக இல்லாமல் நேரடியாகப் படித்தது அன்றுதான். வார்டு இட ஒதுக்கீடு முதல் மூன்று உட்பிரிவுகளில் இருக்கிறது. தலைவர் பதவி ஒதுக்கீடு தனியாக, நான்காவது உட்பிரிவில் இருக்கிறது. இரண்டும் வேறு வேறு கணக்கு. தலைவர் பதவிக்குப் பார்க்க வேண்டியது அந்த ஆள் யார் என்பதை. எந்த வார்டிலிருந்து வந்தார் என்பதை அல்ல. ஹரியாணா நகராட்சி வழக்கு ஒன்றில் 2009இல் உச்ச நீதிமன்றம் இதையே சொன்னது: பொது வார்டில் வென்ற பிற்படுத்தப்பட்ட வகுப்பினர், அவ்வகுப்புக்கு ஒதுக்கிய தலைவர் பதவிக்குப் போட்டியிடலாம். மதினி சொன்னதுதான் சரி, விடைக்குறிப்பு தப்பு.

இந்தச் சிக்கல், உறுப்பினர்களே தலைவரைத் தேர்ந்தெடுக்கும் மறைமுகத் தேர்தலில் மட்டுமே வரும் என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். கிராம ஊராட்சித் தலைவரை மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுக்கிறார்கள். 2021 அக்டோபரில் நெல்லையிலும் தென்காசியிலும் ஊரகத் தேர்தல் நடந்தபோது ஆச்சி நான்கு வண்ணச் சீட்டுகளோடு திணறினார். தலைவருக்கு இளஞ்சிவப்புச் சீட்டு. ஒன்றியத் தலைவர், மாவட்ட ஊராட்சித் தலைவர், மேயர் ஆகியோரை உறுப்பினர்கள் தேர்ந்தெடுக்கிறார்கள்.

அடுத்து, பலரையும் கவிழ்க்கும் சொல்லுக்கு வருகிறேன். ஒதுக்கீட்டுப் பட்டியலில் 'பெண்கள் (பொது)' என்று இருக்கும். 'ஆதிதிராவிடர் (பொது)' என்றும் இருக்கும். முதலாவதில் 'பொது' என்றால் எந்தச் சமூகத்துப் பெண்ணும் நிற்கலாம் என்று பொருள். இரண்டாவதில் ஆதிதிராவிடரில் ஆணும் பெண்ணும் நிற்கலாம் என்று பொருள். ஒரே சொல் ஓரிடத்தில் சாதிக்கு வாசலைத் திறக்கிறது, மற்றோரிடத்தில் பாலினத்துக்கு. ஆகவே ஓர் ஆதிதிராவிடப் பெண்ணுக்கு 'பொது', 'பெண்கள் (பொது)', 'ஆதிதிராவிடர் (பொது)', 'ஆதிதிராவிடர் (பெண்கள்)' ஆகிய நான்கு கதவுகளும் திறந்திருக்கின்றன. இந்த நான்கையும் தாளில் எழுதி, உங்கள் தெருவில் நான்கு பேரை மனதில் நிறுத்தி, யார் எதில் நிற்கலாம் என்று ஒருமுறை பொருத்திப் பாருங்கள். நான் ஒரு வாரம் மனப்பாடம் செய்தும் ஏறாதது அரை மணி நேரத்தில் ஏறியது.

நம் பகுதியில் இன்னொரு கேள்வி புத்தகத்தைவிடத் திண்ணையில்தான் அதிகம் வரும்: கிறிஸ்தவத்துக்கு மாறியவர் ஆதிதிராவிடருக்கு ஒதுக்கிய இடத்தில் நிற்கலாமா? பின்னர் திருத்தப்பட்ட 1950ஆம் ஆண்டு பட்டியல் சாதியினர் ஆணைப்படி இந்து, சீக்கியர், பௌத்தர் மட்டுமே பட்டியல் சாதியினர் ஆவர். கிறிஸ்தவத்துக்கு மாறிய குடும்பம் தமிழ்நாட்டில் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலுக்குப் போய்விடுகிறது. உள்ளாட்சியில் பிற்படுத்தப்பட்டோருக்கு இங்கே ஒதுக்கீடு கிடையாது. எனவே அவர்களுக்கு மிஞ்சுவது 'பொது' அல்லது 'பெண்கள் (பொது)' மட்டுமே. இது நியாயமா என்பது வேறு வழக்கு. தேர்வில் விடை இதுதான்.

கணக்கில் ஒரு பொறி இருக்கிறது. வார்டு இடங்களைப் பட்டியல் சாதியினருக்கு ஒதுக்க, அந்த ஊராட்சியின் மக்கள்தொகை விகிதம் பார்க்கப்படுகிறது. தலைவர் பதவிகளின் எண்ணிக்கைக்கோ மாநில விகிதம்தான் அளவு. 2011 கணக்கெடுப்பில் அது சுமார் 20 விழுக்காடு. பெண்களுக்கு அரசமைப்பு குறைந்தது மூன்றில் ஒரு பங்கு என்கிறது. தமிழ்நாடு 2016இல் அதைப் பாதியாக உயர்த்தியது. கேள்வி 'அரசமைப்பின்படி' என்று தொடங்குகிறதா, 'தமிழ்நாட்டில்' என்று தொடங்குகிறதா என்பதிலேயே விடை இருக்கிறது. பட்டியல் சாதி, பழங்குடி ஒதுக்கீட்டுக்கு 334ஆம் பிரிவு வழியே காலவரம்பு உண்டு, பெண்கள் ஒதுக்கீட்டுக்கு இல்லை என்பதை ஓரத்தில் எழுதி வையுங்கள்.

பிற மாநில விதிகளை விருப்ப விடைகளில் கலந்துவிடுவார்கள். ஹரியாணாவின் கல்வித் தகுதி, சில மாநிலங்களின் இரண்டு குழந்தை வரம்பு ஆகிய இரண்டுமே தமிழ்நாட்டில் இல்லை. வயது 21 நிறைந்திருக்க வேண்டும். அந்த உள்ளாட்சியின் வாக்காளர் பட்டியலில் பெயர் இருக்க வேண்டும்.

இதையெல்லாம் மதினியிடம் ஒப்பித்துப் பார்ப்பது என் வழக்கமாகிவிட்டது. எட்டாம் வகுப்போடு நின்றவர், மூன்று பிள்ளைகளின் தாய். கடைசி விதியைக் கேட்டதும் நூல்கண்டைக் கீழே வைத்தார்.

"அப்படியானால் நான் நிற்கலாமா?"

"தாராளமாக நிற்கலாம் மதினி."

"உங்கள் அண்ணனிடம் இப்போது சொல்ல வேண்டாம். முதலில் பட்டியலில் என் பெயர் இந்த ஊரில் இருக்கிறதா, இன்னும் என் அம்மா வீட்டிலேயே கிடக்கிறதா என்று பாருங்கள் தம்பி."